சட்டைப் பைக்குள் அடங்கும் துப்பாக்கி

போன மாதம் என் தங்கை மகன் கோவில்பட்டியிலிருந்து வந்திருந்தான். சின்னதாக ஒரு நகை அடகுக் கடை வைத்திருக்கிறான். ராத்திரி கடையைப் பூட்டிவிட்டுப் பணப்பையோடு தனியாக வண்டியில் வீட்டுக்குப் போகிறவன். பக்கத்து ஊரில் இவனைப் போல ஒரு கடைக்காரரை வழிமறித்துப் பையைப் பறித்துக்கொண்டு போய்விட்டார்களாம். அவர் கையில் வெட்டு. அன்றிலிருந்து இவனுக்குத் தூக்கம் இல்லை.

காப்பியைக் குடித்து முடித்ததும் விஷயத்துக்கு வந்தான். "மாமா, நீங்க கலெக்டர் ஆபீஸ்ல துப்பாக்கி லைசென்ஸ் செக்‌ஷன்லதான இருந்தீங்க? வெளிய தெரியாம இடுப்புல வச்சிக்கிடுத மாதிரி சின்னதா ஒண்ணு வாங்கணும். ரிவால்வர் நல்லதா, பிஸ்டல் நல்லதா? நீங்க சொன்னா சரியா இருக்கும்."

நான் அந்த செக்‌ஷனில் இரண்டு தடவை இருந்தேன். உதவியாளராக மூன்று வருடம், பிற்பாடு தலைமை உதவியாளராக மூன்று வருடம். ஒரு குண்டுகூடச் சுட்டதில்லை. ஆனால் துப்பாக்கி வைத்திருந்தவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். அந்த நாட்களில்தான் இந்தச் சின்னத் துப்பாக்கிகளின் சரித்திரத்தைத் தேடித் தேடிப் படிக்கும் பழக்கமும் வந்தது. அவன் ஒரு வரியில் பதில் கேட்டான். என்னால் ஒரு வரியில் சொல்ல முடியவில்லை. "எழுதித் தர்றேன், படிச்சுட்டு முடிவு பண்ணு" என்று அனுப்பி வைத்தேன். எழுதியதை நீங்களும் படிக்கலாமே என்று இங்கே போடுகிறேன்.

முதலில், துப்பாக்கி எப்படிச் சட்டைப் பைக்குள் வந்தது என்ற கதை.

அந்தக் காலத்து ஆங்கிலேய ராணுவ அதிகாரி இடுப்பில் தொங்கவிட்டிருந்தது வெப்ளி ரிவால்வர். ஒரு கிலோவுக்கு மேல் எடை, கிட்டத்தட்ட ஒரு அடி நீளம். அதை மறைத்து வைக்க முடியாது. மறைக்க வேண்டிய தேவையும் அவருக்கு இல்லை, பத்துப் பேர் பார்க்க வேண்டும் என்றுதானே மாட்டிக்கொண்டு வந்தார்!

மறைத்து வைக்கும் துப்பாக்கிக்குப் பேர் போனவர் அமெரிக்காவில் பிலடெல்பியா நகரத்தில் இருந்த ஹென்றி டெரிஞ்சர் என்ற கொல்லர். அவர் செய்த கைத்துப்பாக்கி ஆறு அங்குல நீளம்கூட இல்லை. கோட்டுப் பையில் போட்டுக்கொள்ளலாம். ஆனால் ஒரே ஒரு குண்டுதான். 1865 ஏப்ரல் 14 ராத்திரி, வாஷிங்டனில் நாடகம் பார்த்துக்கொண்டிருந்த ஜனாதிபதி லிங்கனைப் பின்னாலிருந்து சுட்டது அதுதான். சுட்டதும் அது வெறும் இரும்பாகிவிட்டது. பக்கத்தில் இருந்த அதிகாரி பாய்ந்து பிடிக்க வந்தபோது, கொலைகாரன் பூத் கத்தியை எடுக்க வேண்டியிருந்தது.

ஒரே குண்டு என்ற அந்தக் குறையைத் தீர்த்தவர்களில் ஒருவர் ஜான் மோசஸ் பிரவுனிங். 1855இல் அமெரிக்காவின் யூட்டா மாநிலத்தில் பிறந்தவர். அப்பாவும் துப்பாக்கி செய்கிறவர்தான். குண்டு வெடிக்கும்போது பின்னால் உதைக்கும் விசையையே பயன்படுத்தி, வெற்றுத் தோட்டாவை வெளியே தள்ளி அடுத்த குண்டை ஏற்றிக்கொள்ளும் கைத்துப்பாக்கியை அமைத்தார். பெல்ஜியத்தில் லியேஜ் நகரத்தை ஒட்டி ஹெர்ஸ்டால் என்று ஒரு ஊர். அங்கே 1889இல் பெல்ஜிய ராணுவத்துக்கு ரைபிள் செய்வதற்காகத் தொடங்கிய எஃப்.என். தொழிற்சாலை, பிரவுனிங்கின் பிஸ்டலை வாங்கிக்கொண்டது. 1900ஆம் வருடத்து மாடல் என்று பெயர். எடை சுமார் 625 கிராம். நீளம் ஏழு அங்குலத்துக்குக் கொஞ்சம் குறைவு. கைப்பிடிக்குள் ஏழு குண்டுகள். ரிவால்வரைப் போல நடுவில் புடைத்த உருளை கிடையாது, தட்டையாக இருக்கும். பல லட்சம் விற்றது.

1906இல் இன்னும் சின்னதாக, வெயிஸ்ட் கோட் பையில் அடங்குவதற்கென்றே ஒன்று வந்தது. நாலரை அங்குல நீளம்தான். 1910இல் இன்னொரு மாடல். பையிலிருந்து உருவும்போது துணியில் மாட்டிக்கொள்ளாதபடி வழவழவென்று செய்திருந்தார்கள். இதையெல்லாம் வழிப்போக்கருக்கும் வியாபாரிக்கும் தற்காப்பு என்று சொல்லித்தான் விற்றார்கள். பாங்கிக்குப் பணம் கொண்டு போகிறவர், இருட்டில் வீடு திரும்புகிறவர், அதாவது என் மருமகனைப் போன்றவர்கள் வாங்க வேண்டும் என்று செய்தது.

வாங்கியவர்கள் அதை என்ன செய்தார்கள் என்பதைச் சரித்திரத்தில் பாருங்கள்.

1904 ஜூன் 16. பின்லாந்து அப்போது ரஷ்யச் சக்கரவர்த்தியின் கையில் இருந்தது. ஹெல்சிங்கியில் செனட் கட்டிடத்துப் படிக்கட்டில் ரஷ்ய கவர்னர் ஜெனரல் பாப்ரிகோவை ஷவுமன் என்ற இளைஞர் பிரவுனிங்கால் சுட்டார். பிறகு தன்னைத்தானே சுட்டுக்கொண்டு அங்கேயே இறந்தார்.

1909 அக்டோபர் 26. மஞ்சூரியாவில் ஹார்பின் ரயில் நிலையம். ஜப்பானின் முன்னாள் பிரதமர் இட்டோ ரயிலிலிருந்து இறங்கி பிளாட்பாரத்தில் நடந்தபோது கொரிய வீரர் ஆன் ஜுங் கன் சுட்டார். அதுவும் பிரவுனிங் 1900 மாடல்தான்.

அதே வருடம் டிசம்பர் 21. நம் நாட்டில் நாசிக் நகரம். கலெக்டர் ஜாக்சன் நாடகம் பார்க்கப் போன இடத்தில் அனந்த் கான்ஹேரே என்ற மாணவர் சுட்டார். லண்டனிலிருந்து சாவர்க்கர் 20 பிரவுனிங் பிஸ்டல்களைப் பெட்டியின் கள்ள அடித்தட்டில் மறைத்து, இந்தியா ஹவுஸ் சமையல்காரர் மூலம் பம்பாய்க்கு அனுப்பியிருந்தார். அந்த இருபதில் ஒன்றுதான் நாசிக்கில் வெடித்தது. இருபது வெப்ளி ரிவால்வர்களை ஒரு டிரங்குப் பெட்டியின் அடியில் மறைக்க முடியுமா? சின்னதாக இருந்ததால்தான் கடல் கடந்து வந்தது.

அடுத்தது நம் ஊர்.

1911 ஜூன் 17, காலை. திருநெல்வேலி கலெக்டர் ஆஷ் தன் மனைவியோடு ஜங்ஷனில் 9.30 மணி வண்டியில் ஏறினார். கொடைக்கானலில் இருந்த குழந்தைகளைப் பார்க்கப் பயணம். வண்டி மணியாச்சிக்கு வந்தபோது 10.38. தூத்துக்குடியிலிருந்து சிலோன் பயணிகளோடு வரும் போட் மெயில் பத்து நிமிஷத்தில் வந்துவிடும். அதோடு சேர்ந்து வடக்கே போக வேண்டும். முதல் வகுப்புப் பெட்டியில் கணவனும் மனைவியும் எதிரெதிரே உட்கார்ந்திருந்தார்கள். பச்சைக் கோட்டும் வேட்டியும் அணிந்த ஒரு வாலிபர் பெட்டியில் ஏறினார். கோட்டிலிருந்து பிஸ்டலை எடுத்து ஆஷின் மார்பில் சுட்டார். பிளாட்பாரத்தில் ஓடி, அங்கிருந்த கழிப்பறைக்குள் புகுந்து, தன் வாய்க்குள் சுட்டுக்கொண்டு இறந்தார். அவர்தான் செங்கோட்டை வாஞ்சிநாதன். புனலூர் காட்டிலாகாவில் வேலை பார்த்தவர். வயது 25. கையிலிருந்தது பெல்ஜியத்தில் செய்த பிரவுனிங்.

1878ஆம் வருடத்து ஆயுதச் சட்டப்படி இந்தியன் லைசென்ஸ் இல்லாமல் துப்பாக்கி வைத்திருக்கக் கூடாது, வெள்ளைக்காரருக்கு விலக்கு உண்டு. ஆனால் பாண்டிச்சேரி பிரெஞ்சு மண், அங்கே அந்தச் சட்டம் செல்லாது. 1910இல் வ.வே.சு. ஐயர் அங்கே வந்து சேர்ந்தார். வாஞ்சிநாதன் அவரிடம் போய்ச் சுடப் பழகியதாக எழுதியிருக்கிறார்கள். வாஞ்சி செய்தது சரியா, தவறா என்ற பட்டிமன்றத்தை நான் இங்கே நடத்தப் போவதில்லை. நான் கவனிப்பது அந்தக் கோட்டுப் பையை மட்டும். ஜில்லா முழுவதையும் கையில் வைத்திருந்தவர் கலெக்டர். போலீஸ், சட்டம், துப்பாக்கிப் படை எல்லாம் அவர் பக்கம். அரைக் கிலோ சொச்சம் எடையுள்ள ஒரு பொருள் வெளியே தெரியாமல் இருந்ததால், அது அத்தனையும் அந்தப் பத்து நிமிஷத்தில் பயன்படாமல் போயிற்று.

இன்னும் இரண்டைச் சொல்லிவிடுகிறேன். 1914 ஜூன் 28 அன்று சராயேவோவில் ஆஸ்திரிய இளவரசரையும் மனைவியையும் பிரின்சிப் சுட்டது பிரவுனிங் 1910 மாடலால். முதல் உலகப் போருக்குத் திரி கொளுத்தியது அது. 1948 ஜனவரி 30 அன்று டில்லியில் காந்தியடிகள் மேல் பாய்ந்த மூன்று குண்டுகளும் இத்தாலியில் செய்த பெரெட்டா 1934 மாடல் பிஸ்டலிலிருந்து வந்தவை. அதுவும் ஆறே அங்குல நீளம், உள்ளங்கைக்குள் மறையும்.

நம் தலைமுறைக்கு மறக்க முடியாத இன்னொன்றும் உண்டு. 1967 ஜனவரி 12, ராமாவரம் தோட்டம். பேசிக்கொண்டிருக்க வந்த வீட்டில் எம்.ஆர். ராதாவின் கையில் இருந்த துப்பாக்கி வெடித்தது. எம்.ஜி.ஆருக்குக் காதோரம் பாய்ந்து கழுத்தில் தங்கியது குண்டு. ராதாவுக்கும் காயம். இருவரும் பிழைத்தார்கள். கழுத்தில் கட்டுப் போட்ட எம்.ஜி.ஆர். போஸ்டரைப் பார்க்காத சுவர் அந்தத் தேர்தலில் தமிழ்நாட்டில் இருந்ததா?

இதையெல்லாம் வரிசையாக வைத்துப் பார்த்தால் எனக்கு ஒன்று புரிகிறது. மறைத்து வைக்கும் துப்பாக்கியின் பலம், எதிராளிக்குத் தெரியாது என்பதுதான். அந்தப் பலம் நேரத்தையும் இடத்தையும் தேர்ந்தெடுக்கிறவனுக்குக் கிடைக்கிறது. பூத்துக்கு நாடகத்தில் ஜனங்கள் சிரிக்கும் நேரம் தெரியும். வாஞ்சிக்கு வண்டி நிற்கும் நேரம் தெரியும். தாக்கப்படுகிறவருக்கு ஒன்றும் தெரியாது. அவர் பையிலும் ஒன்று இருந்திருந்தால், கை அதைத் தொடுவதற்குள் எல்லாம் முடிந்திருக்கும். தற்காப்புக்கென்று விற்ற பொருள் தாக்குகிறவனுக்கே அதிகம் உதவியது இதனால்தான்.

இனி என் நாற்காலிக்கு வருகிறேன்.

சுதந்திரத்துக்குப் பிறகு 1959இல் புது ஆயுதச் சட்டம் வந்தது. வெள்ளையர், இந்தியர் என்ற பேதம் போயிற்று. மாவட்டத்தில் கலெக்டரும் மாநகரத்தில் போலீஸ் கமிஷனரும் லைசென்ஸ் தருகிறார்கள். 9 மில்லிமீட்டர் போன்ற ராணுவ, போலீஸ் ரகங்கள் பொது ஜனங்களுக்குக் கிடையாது. அதனால் சாதாரண ஆள் வைத்துக்கொள்ளும் கைத்துப்பாக்கி பெரும்பாலும் .32தான். மனு வந்தால் போலீஸ் அறிக்கை, தாசில்தார் அறிக்கை எல்லாம் கேட்டு, உயிருக்கு அச்சம் உண்மையா என்று பார்த்து, குறிப்பு எழுதி மேலே அனுப்புவது என் வேலை.

முதல் தடவை அங்கே இருந்தபோது ஒரு அரிசி ஆலைக்காரரின் மனு வந்தது. வசூல் பணத்தோடு பல ஊர் போகிறவர். அறிக்கைகள் சுத்தமாக இருந்தன. "பரிந்துரைக்கலாம்" என்று எழுதினேன். லைசென்ஸ் வந்தது. கான்பூர் அரசுத் தொழிற்சாலையில் செய்த .32 ரிவால்வர் வாங்கினார். புதுப்பிக்க வரும்போதெல்லாம் சிரித்த முகமாக ஒரு கும்பிடு போடுவார்.

பல வருடம் கழித்து மறுபடியும் அதே செக்‌ஷனுக்கு வந்தேன். ஒருநாள் வயதான அம்மா ஒருவர் லைசென்ஸ் புத்தகத்தோடும் போலீஸ் ஸ்டேஷன் ரசீதோடும் வந்து நின்றார். அந்த ஆலைக்காரரின் மனைவி. கணவர் மாரடைப்பில் இறந்துவிட்டார், துப்பாக்கியை ஸ்டேஷனில் ஒப்படைத்தாயிற்று, இனி என்ன செய்ய வேண்டும் என்று கேட்டார். வாரிசுகள் யாருக்காவது வேண்டுமானால் மனு செய்யலாம் என்றேன். "வேண்டாம் சார், எங்க வீட்ல யாருக்கும் வேண்டாம்" என்றார் உடனே.

ரசீதைப் பார்த்தேன். ஒரு ரிவால்வர், 20 தோட்டா. புத்தகத்தைப் பார்த்தேன். அவர் முதன்முதலில் வாங்கியதும் 20 தோட்டாதான். இத்தனை வருடத்தில் ஒன்றுகூடச் சுடவில்லை.

"பத்திரமா வச்சிருந்திருக்கார்" என்று ஏதோ ஆறுதலுக்குச் சொன்னேன். அந்த அம்மா கொஞ்சம் தயங்கிவிட்டுச் சொன்னார்: "அவர் எங்க சார் வச்சிருந்தார்? ஆலை நொடிச்சுக் கடன் ஏறின பிறகு ரெண்டு வருஷம் அவர் தூங்கினதே இல்லை. ராத்திரி எந்திரிச்சு பீரோ முன்னாடி உக்காந்திருப்பார். நான் தோட்டாவை எல்லாம் எடுத்து உளுந்து டப்பாக்குள்ள போட்டு வச்சிருவேன். விடிஞ்சதும் திருப்பி வச்சிருவேன். அவருக்குத் தெரியுமோ தெரியாதோ, கேட்டதில்லை. திருடனுக்கு அதப் பாத்துப் பயம் இருந்துச்சோ இல்லையோ, எனக்கு இருந்துச்சு."

அவர் போன பிறகு பழைய கோப்பை எடுக்கச் சொல்லி, என் குறிப்பை மறுபடி படித்தேன். வெளியிலிருந்து வரக்கூடிய ஆபத்தைப் பற்றி ஒன்றரைப் பக்கம் எழுதியிருந்தேன். அந்த வீட்டுக்குள் துப்பாக்கி போனால் என்ன ஆகும் என்று ஒரு வரி இல்லை. விதிப்படி நான் தப்பு ஒன்றும் செய்யவில்லை. இருந்தாலும் அன்று ராத்திரி எனக்கும் தூக்கம் வரவில்லை. ஷவுமனும் வாஞ்சியும் கடைசிக் குண்டைத் தங்களுக்கே வைத்துக்கொண்டது நினைவுக்கு வந்தது. அவர்கள் தீர்மானித்து வந்தவர்கள். ஆலைக்காரர் அப்படி இல்லை. ஆனால் பையில் இருக்கும் துப்பாக்கிக்கு மிகவும் பக்கத்தில் இருப்பவன், அதை வைத்திருப்பவன்தான்.

மருமகன் கேட்ட கேள்விக்கு வருகிறேன். இப்போது கடையில் கிடைப்பதில் அவன் மனதில் இருப்பது நிர்பீக் ரிவால்வர். பயமற்றவர் என்று அர்த்தம். 2012 டிசம்பரில் டில்லியில் நடந்த கொடுமைக்குப் பிறகு, 2014 ஜனவரியில் பெண்களின் தற்காப்புக்கென்று கான்பூரில் வெளியிட்டார்கள். டைட்டானியம் கலந்த உலோகம். அரைக் கிலோ எடை. .32 ரகம். நகைப் பெட்டி மாதிரி ஒரு பெட்டியில் வைத்துக் கொடுத்தார்கள். வந்தபோது விலை 1,22,000 ரூபாய்க்கு மேல். எந்தப் பெண்களுக்காகச் செய்ததாகச் சொன்னார்களோ அவர்களில் எத்தனை பேரால் அதை வாங்க முடியும் என்று அப்போதே கேட்டார்கள்.

ஒரு சின்னத் துப்பாக்கியை எடை போட நாலு கேள்வி போதும் என்பது என் அனுபவம்.

முதலாவது, மறைகிறதா? மறைகிறது. அதில் குறை சொல்ல முடியாது.

இரண்டாவது, குறி தப்பாதா? இங்கேதான் சங்கடம். குழல் குட்டையாக ஆக, குறி பார்க்கும் இரண்டு முனைகளுக்கும் இடைவெளி குறைகிறது. கை இம்மி அசைந்தாலும் குண்டு விலகிப் போகும். எடை குறையக் குறைய உதை கூடுகிறது. பிரவுனிங் காலத்திலிருந்து இன்றுவரை மாறாத கணக்கு இது. பையில் சுமக்க வசதியானது கையில் பிடிக்க வசதியாக இருக்காது. மாதா மாதம் சுட்டுப் பழகாதவனுக்கு இருட்டில், நடுங்கும் கையில், அது எங்கே சுடும் என்று சொல்ல முடியாது. குறுக்கே போகிற குழந்தை மேல் பட்டால் யார் பொறுப்பு?

மூன்றாவது, எடுக்க நேரம் கிடைக்குமா? வழிமறிக்கிறவன் இவனை நாலு நாள் நோட்டம் பார்த்திருப்பான். பின்னால் வண்டியில் வந்து முதலில் கையில் வெட்டுவான். மணியாச்சியில் ஆஷுக்குக் கிடைத்த நேரம்தான் இவனுக்கும். பையோடு துப்பாக்கியும் போகும். அதற்கப்புறம் ஸ்டேஷனில் இவன்தான் பதில் சொல்ல வேண்டும்.

நாலாவது, மற்ற இருபத்து மூன்றரை மணி நேரம் அது எங்கே இருக்கும்? இந்தக் கேள்வியைத்தான் மனுவில் யாரும் எழுதுவதில்லை, நானும் கேட்டதில்லை. வீட்டில் எட்டு வயதிலும் பதினோரு வயதிலும் இரண்டு பிள்ளைகள். பீரோ சாவி சாமி படத்துக்குப் பின்னால் இருப்பது அந்த வீட்டில் எல்லோருக்கும் தெரியும். எனக்கே தெரியும்!

துப்பாக்கி யாருக்குமே வேண்டாம் என்று நான் சொல்ல வரவில்லை. காட்டோரம் தனியாக இருக்கும் விவசாயிக்கு நான் பரிந்துரை எழுதியிருக்கிறேன், இன்றும் எழுதுவேன். தற்காப்பு உரிமையைச் சட்டமே கொடுத்திருக்கிறது. ஆனால் கடைப் பணத்தைக் காப்பாற்ற இடுப்பில் மறைத்து வைக்கும் துப்பாக்கி என்பது, சரித்திரத்தைப் பார்த்தாலும் என் கோப்புகளைப் பார்த்தாலும், வாங்கியவனுக்குத் தைரியத்தைக் கொடுத்த அளவுக்குப் பாதுகாப்பைக் கொடுக்கவில்லை.

எழுதியதை அவனுக்கு அனுப்பினேன். இரண்டு நாள் கழித்துப் போன் செய்தான். "படிச்சேன் மாமா" என்றான். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தான். பிறகு, "உங்க மருமகளும் படிச்சா. உளுந்து டப்பா இடத்துல நிப்பாட்டிட்டா" என்றான்.

இப்போது பணத்தை மத்தியானமே பாங்கில் கட்டிவிடுகிறானாம். ராத்திரி பக்கத்துக் கடைக்காரரும் இவனும் சேர்ந்தே கிளம்புகிறார்கள். வாரத்துக்கு ஒரு பாதையாக மாற்றிக்கொண்டு போகிறார்கள். தூக்கம் வருகிறதா என்று கேட்டேன். "முழுசா இல்ல மாமா. ஆனா வருது" என்றான்.